பழைய போனில் வந்த ஆறு எண்கள்

பசுவந்தனை
ஐப்பசி, திங்கட்கிழமை காலை

அன்பு மகள் காவியாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது.

இங்கே நானும் அப்பாவும் சுகம், ஆடு நான்கும் சுகம். டென்மார்க்கில் நீயும் மாப்பிள்ளையும் சுகமாக இருக்கிறீர்கள் என்பதைக் கோவில்பட்டியில் இருக்கும் உன் மாமியார் கற்பகம் மதினி மூலமாக அறிந்து சந்தோஷப்பட்டேன். உனக்குக் கடைவாய்ப் பல் பிடுங்கியது, இரண்டு நாள் வெறும் கஞ்சி குடித்தது, ஆபீசில் உன்னை வேறு மாடிக்கு மாற்றியது எல்லாம் அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். பெற்றவளுக்கு இவ்வளவு போதும் என்று நினைத்திருப்பாய். போனில் பேசாமல் காகிதமும் பேனாவும் எதற்கு என்று கேட்பாய். விஷயம் அப்படிப்பட்டது. போனில் தொடங்கினால் நீ நடுவில் சிரிப்பாய் அல்லது அழுவாய், இரண்டில் எது வந்தாலும் நான் பேச்சை மாற்றி ஆட்டுக்குட்டிக்குப் போய்விடுவேன். அதனால் எழுதி, நானே படம் பிடித்து வாட்ஸ்அப்பில் போடுகிறேன். பக்கம் சாய்ந்திருந்தால் போனைத் திருப்பிப் படித்துக்கொள். கடைசி வரை படி, நடுவில் கூப்பிடாதே.

அப்பா புரட்டாசிக் கடைசியில் உளுந்தும் பாசியும் விதைத்துவிட்டார். ஒரு மழை பெய்தது, முளைப்பு பரவாயில்லை, அடுத்த மழைக்காகத் தினமும் நாலு தடவை வாசலில் நின்று மேலே பார்க்கிறார். தெற்குக் காட்டில் இந்த வருஷமும் மக்காச்சோளம் வேண்டாம் என்று சொன்னேன், கேட்கவில்லை, காட்டுப்பன்றி புகுந்து ஒரு மூலையை உழப்பிவிட்டது. இப்போது என்னவோ பன்றியை நான் அனுப்பி வைத்ததுபோல என்னிடம் முகத்தைத் தூக்கிக்கொண்டிருக்கிறார். வெள்ளாட்டில் பெரியது சினையாக இருக்கிறது. எனக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது, மாத்திரையை விடாமல் போடுகிறேன். இதெல்லாம் நீ வழக்கமாகக் கேட்கிற கேள்விகள் என்பதால் முதலிலேயே எழுதிவிட்டேன்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஆவணியில் மந்திரமூர்த்தி அண்ணாச்சி பேத்திக்குக் கோவில்பட்டியில் காதுகுத்து நடந்ததே, அங்கேதான் எனக்கு இந்த நோய் பிடித்தது. ஞாயிற்றுக்கிழமை, நல்ல கூட்டம், மத்தியானப் பந்தி முடிந்து எல்லாரும் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தோம். நாலரை மணிக்குக் கற்பகம் மதினி எழுந்து, "நான் கெளம்புதேன், அஞ்சு மணிக்குக் காவியா வந்து நிப்பா, நாங்க பறக்கணும்" என்றார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. எங்கே பறக்கிறீர்கள் என்று கேட்டதும் பக்கத்தில் இருந்த சங்கரம்மாள், "ஒங்களுக்குத் தெரியாதா மதினி, ஒங்க மகளும் அவியளும் ஞாயித்துக்கெழம தவறாம கம்ப்யூட்டர்ல சண்டை விமானம்லா ஓட்டுதாவ" என்று அந்தக் கூட்டம் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள். சுற்றி இருந்த அத்தனை பெண்களுக்கும் தெரிந்திருக்கிறது. நான், தெரியாமல் என்ன, நேரத்தை மறந்துவிட்டேன் என்று சொல்லிச் சமாளித்தேன். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே மதினி, "சண்டை எல்லாம் பேருக்குத்தான், பாதி நேரம் ரெண்டு பேரும் வீட்டுக் கதையாத்தான் பேசுவோம்" என்று சிரித்தார். அவர் நல்ல மனதோடுதான் சொன்னார். எனக்கு அது நெஞ்சில் முள்ளாக ஏறியது.

நீ விசாவுக்காக மூன்று மாதம் அவர் வீட்டில் இருந்தபோது தொடங்கிய பழக்கம் என்று பிறகு விசாரித்துத் தெரிந்துகொண்டேன். காதில் மாட்டிக்கொண்டு பேசுவது அவருக்குப் புதிதா என்ன, முப்பது வருஷம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் அதுதானே வேலை. போன தடவை வந்தபோது அவருக்கு விமானம் ஓட்டுகிற கைப்பிடி ஒன்று வாங்கி வந்து கொடுத்திருக்கிறாய். எனக்கு இன்டக்ஷன் அடுப்பு கொடுத்தாய். அடுப்பு நன்றாகத்தான் வேலை செய்கிறது, குறை சொல்லவில்லை. ஆனால் அதன்மேல் பால் பொங்கும்போதெல்லாம், என் மகள் என்னைப் பார்த்தால் அடுப்புதான் ஞாபகத்துக்கு வருகிறது, அவரைப் பார்த்தால் விமானம் ஞாபகத்துக்கு வருகிறது என்று தோன்றும். என்னோடு பேசுவது ஞாயிறு காலை பதினைந்து நிமிஷம், சாப்பிட்டியா, மாத்திரை போட்டியா, அப்பா எங்கே. அவரோடு இரண்டு மணி நேரம். எனக்குப் பொறாமைதான் காவியா. வேறு நல்ல வார்த்தை போட்டு எழுதலாம் என்று பேனாவைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன், கிடைக்கவில்லை.

ஒரு மாதம் பொறுத்தேன். பிறகு நானும் அந்த விளையாட்டில் ஒரு கணக்கு தொடங்கி, ஒரு ஞாயிற்றுக்கிழமை திடீரென்று உங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் போய் நிற்க வேண்டும் என்று முடிவு செய்தேன். நம் பஸ் நிறுத்தத்துக்கு எதிரே இ-சேவைக் கடை வைத்திருக்கும் ஹாரூனை உனக்குத் தெரியும். பயிர் காப்பீட்டுக்கு அப்பாவின் சிட்டா அடங்கலை எடுத்துக்கொண்டு போன அன்று, கூட்டம் கலையட்டும் என்று காத்திருந்து மெதுவாகக் கேட்டேன். "பெரியம்மா, நெசமாத்தான் கேக்குதீங்களா" என்று என் முகத்தையே பார்த்தான். நெசமாகத்தான் என்றேன். பையன் நல்லவன், சிரிக்கவில்லை. உன் விளையாட்டு எது என்று சங்கரம்மாள் மகளிடம் முன்பே எழுதி வாங்கி வைத்திருந்தேன். மெயில் வேண்டும் என்றான், போனை நீட்டினேன். அது நீ புதிது வாங்கியபோது எனக்குக் கொடுத்துவிட்டுப் போன பழைய போன். அதில் இருந்த மெயிலைப் பார்த்து அடித்தான். இந்த மெயிலுக்கு ஏற்கெனவே கணக்கு இருக்கிறது என்று வந்தது.

வேறு ஊரில் என்றால் அந்த இடத்தில் யோசித்திருப்பார்கள். இங்கே யாருக்கும் அது அதிசயமில்லை. பயிர் காப்பீடு, விவசாயி பணம், முதியோர் பென்ஷன், எதற்குப் போனாலும் முன்னொரு வருஷம் யாரோ ஒரு புண்ணியவான் நம் பெயரில் கணக்கைத் திறந்து வைத்திருப்பான், அதன் பாஸ்வேர்டு அவனுக்கும் தெரியாது நமக்கும் தெரியாது. ஹாரூன் மறந்துவிட்டது என்கிற இடத்தை அழுத்துவான், போனுக்கு ஆறு எண் வரும், புதிது போட்டுக்கொண்டு வீட்டுக்கு வருவோம். அன்றும் அவன் கை பழக்கத்தில் அங்கேதான் போனது. "யாராச்சும் முன்னாலயே தொறந்து வச்சிருப்பாவ பெரியம்மா, பாஸ்வேர்டு மட்டும் மாத்திக்கிடுவோம், ஒங்களுக்கு மறக்காததா ஒண்ணு சொல்லுங்க" என்றான். சொன்னேன், போட்டான், திறந்தது.

திறந்த பிறகுதான் தெரிந்தது. வரிசையாக இருபது முப்பது விமானங்கள் நின்றன, மேலே உன் பெயர். நீ காலேஜில் படிக்கும்போது வைத்திருந்த மெயில் அந்தப் போனில் அப்படியே கிடந்திருக்கிறது, அதை வைத்துத்தான் ஆறு வருஷத்துக்கு முன் நீ இந்தக் கணக்கைத் தொடங்கியிருக்கிறாய். முன்னால் நின்ற விமானத்தின் வாலில் ஒரு பூனைப் படம். நன்றாகப் பார்த்தேன், கற்பகம் மதினி வீட்டுப் பூனைதான், காது ஒன்று மடங்கியிருக்குமே அதே பூனை. நம் வீட்டில் ஒரு நாய் இருக்கிறது, நான்கு ஆடு இருக்கிறது. ஓரத்தில் நீயும் மதினியும் எழுதிக்கொண்ட செய்திகள் நூற்றுக்கு மேல் இருந்தன. படித்துச் சொல்லு என்றேன். "அது வேண்டாம் பெரியம்மா, அடுத்தவிய பேச்சு" என்று மூடிவிட்டான். அவன் மூடியிருக்காவிட்டால் ஒன்று விடாமல் படித்திருப்பேன், அதையும் சொல்லிவிடுகிறேன். "இது அக்கா கணக்குல்லா, இனி அவிய உள்ள போக முடியாது, ஒடனே போன் போட்டுச் சொல்லிருங்க" என்று இரண்டு தடவை சொன்னான். சொல்லுதேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். வழியில் போனை எடுக்கவும் செய்தேன். சனிக்கிழமையாக இருந்தது. மறுநாள் ஐந்து மணிக்கு நீ பறக்க முடியாமல் போனால் என்ன செய்வாய் என்று பார்க்க எனக்கு ஆசையாக இருந்தது. போனைத் திரும்ப மடியில் வைத்துக்கொண்டேன்.

நீ என்ன செய்தாய் என்பது உனக்கே தெரியும். ஐந்தரைக்கு என்னைக் கூப்பிட்டாய். யாரோ கணக்கைத் திருடிவிட்டான் என்று படபடத்தாய், ஆறு வருஷமாகச் சேர்த்தது எல்லாம் போச்சு என்றாய், உன் முகம் சின்னப் பிள்ளைமாதிரி ஆகியிருந்தது. பழைய மெயிலுக்கு எண் அனுப்புகிறான், அதன் பாஸ்வேர்டும் மறந்துவிட்டது, அதற்கு வைத்திருந்த இந்திய நம்பரும் இப்போது இல்லை என்றாய். பேசிக்கொண்டே மறுபடி முயன்று பார்த்தாய். காவியா, நான் உன்னோடு வீடியோவில் பேசிக்கொண்டிருந்தது அந்தப் பழைய போனில்தான். உன் முகத்துக்கு மேலேயே அந்த ஆறு எண்ணும் வந்து நின்றன. விரலால் தள்ளிவிட்டேன். நீ இன்னொரு தடவை அனுப்பினாய், இன்னொரு ஆறு வந்தது, அதையும் தள்ளினேன். மூன்றாவது தடவை நீயே கேட்டாய், அம்மா, ஒங்கிட்ட இருக்குற பழைய போன்ல என் மெயில் ஏதும் கெடக்கா என்று. அதெல்லாம் எப்பமோ அழிச்சாச்சு, எனக்கென்ன தெரியும் என்று சொன்னேன். உன்னைப் பெற்றதிலிருந்து உன்னிடம் எத்தனையோ சின்னப் பொய் சொல்லியிருக்கிறேன், ஊசி வலிக்காது, மருந்து கசக்காது என்று. அவை எல்லாம் உனக்காகச் சொன்னவை. இது எனக்காகச் சொன்னது.

அன்றைக்கு ஒன்றரை மணி நேரம் பேசினாய். அடுத்த ஞாயிறும் பேசினாய். உன் அலமாரியைத் திறந்து காட்டினாய், ஜன்னலைத் திறந்து தெருவைக் காட்டினாய், மாப்பிள்ளைக்கு ரசம் வைக்க வராது என்று என்னிடம் சொல்லிச் சிரித்தாய், பல் பிடுங்கிய இடத்தை வாயைத் திறந்து காட்டினாய். கல்யாணமாகி இரண்டு வருஷத்தில் அப்படிப் பேசினதில்லை. எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்று எழுதினால் வெட்கமாக இருக்கிறது. போனை வைத்துவிட்டுப் போய் ஆட்டிடம் சொன்னேன். இந்நேரம் கற்பகம் மதினி அந்தக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு தனியாக உட்கார்ந்திருப்பார் என்று நினைத்தேன், நினைத்து ஒரு டம்ளர் காபி கூடுதலாகப் போட்டுக் குடித்தேன். உன் அம்மா இப்படிப்பட்டவள் என்று உனக்குத் தெரியாமல் இருந்திருக்கும்.

போன வியாழக்கிழமை மதினி போன் செய்தார். "ரெண்டு வாரமா காவியா இல்லாம தனியா ஓட்டுதேன், வெறும் ஊரச் சுத்துத மாதிரி இருக்கு. நீங்க ஒருநாள் வாங்களேன் மதினி, ஒங்களுக்கும் ஒரு கணக்கு தொறந்து வைப்போம், அவ திரும்பி வரும்போது மூணு பேராப் போவோம்" என்றார். ஒரு மாதமாக நான் எதற்காக அலைந்தேனோ அதை அவர் ஒரு வாக்கியத்தில் கொடுத்துவிட்டார். போகாமல் இருக்கக் காரணம் தேடினேன், ஒன்றும் அகப்படவில்லை. முந்தாநாள் சனிக்கிழமை பஸ் ஏறிப் போனேன். காபி கொடுத்தார். கொடுத்துக்கொண்டே, "எந்தப் பாவி அவ கணக்க எடுத்தானோ, அவன் கையில கெடச்சான்னா பல்லத் தட்டிருவேன்" என்றார். பாவி அவருக்கு எதிரே உட்கார்ந்து அவர் காபியை ஊதிக்கொண்டிருந்தாள்.

முதலில் எனக்கென்று ஒரு மெயில் உண்டாக்கினார். பிறகு கணக்கு. பிறந்த தேதி கேட்டது, உண்மையான தேதி எனக்குத் தெரியாது, பள்ளிக்கூடத்தில் வாத்தியார் போட்ட ஜூன் ஒன்றுதான் என்றேன். "எனக்கும் ஜூன் ஒண்ணுதான் மதினி" என்று சிரித்தார். வருஷத்தைத் தேடிக் கீழே கீழே போய்க்கொண்டே இருந்தார், வந்துசேரவே நேரமாயிற்று. நான் இயந்திரம் இல்லை என்று நிரூபிக்க ஒன்பது படம் கொடுத்துத் தெருவில் நிற்கும் தீயணைப்புக் குழாய்கள் எவை என்று கேட்டது. கோவில்பட்டித் தெருவில் அப்படி ஒன்று நான் பார்த்ததில்லை, இரண்டு தடவை தப்பாகக் காட்டி இயந்திரம் ஆனேன். மூன்றாவது தடவை மனுஷி என்று ஒத்துக்கொண்டது. என்ன பெயர் வைக்க என்று கேட்டுக் காத்திருந்தது. வெள்ளைத்தாய் என்று சொல்ல நான் வாயைத் திறப்பதற்குள் மதினி அடித்துவிட்டார், காவியாம்மா என்று. "வேற என்ன பேரு இதுக்கு" என்றார். நான் கொஞ்சம் தண்ணீர் கேட்டேன்.

எப்படி ஓட்டுவது என்று காட்ட முதலில் அவர் கணக்கில் அவர் ஓட்டினார். அறுபத்திரண்டு வயதில் அந்தக் கை என்ன நிதானம். மேலே போனதும் வலது பக்கம் திரும்பிப் பார்த்தார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி பார்த்தார். அங்கே வெறும் மேகம்தான். என்ன பார்க்கிறீர்கள் என்று கேட்டேன். "அது காவியா வருத எடம், பழக்கம் விடமாட்டேங்கு" என்றார். பிறகு என்னை உட்கார வைத்தார். சண்டைக்கு இல்லை, புதிதாக வருபவர்கள் பழகத் தனி வானம் இருக்கிறது. மூன்று தடவை ஏறி மூன்று தடவையும் விழுந்தேன், ஒரு தடவை ஓடுபாதையைத் தாண்டுவதற்குள்ளேயே. அவர் பொறுமையாகத்தான் சொல்லிக்கொடுத்தார், அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை. கொஞ்சம் எரிந்து விழுந்திருந்தால் நான் மன நிம்மதியோடு பஸ் ஏறியிருப்பேன்.

அப்போதும் உன்னிடம் சொல்ல எனக்கு மனது வரவில்லை. நேற்று நீ கூப்பிட்டாய். அந்தக் கம்பெனிக்காரன் உன் கணக்குதான் என்பதற்கு ஆதாரம் கேட்டுக் கேட்டு அலைக்கழிக்கிறான், புதிதாகத் தொடங்கினால் அடியிலிருந்து தொடங்க வேண்டும், அத்தை போகிற சண்டைகளுக்கு அந்த அடிமட்ட விமானங்களை விடமாட்டான், எனக்கு வெறுத்துப்போச்சு, எல்லாத்தையும் அழிச்சிட்டு விட்டுடப் போறேன், அத்தைகிட்டயும் சொல்லிட்டேன் என்றாய். இனிமே ஞாயித்துக்கெழம உங்கூடத்தாம்மா என்றாய். நான் கேட்டது அதுதான், அப்படியே கிடைத்துவிட்டது. ஆனால் அதைச் சொன்ன உன் குரல் எனக்குத் தெரியும். பன்னிரண்டாம் வகுப்பில் உன் பரதநாட்டியச் சலங்கையை எடுத்து வைத்துவிட்டு, பரவாயில்லம்மா என்றாயே, அதே குரல். ராத்திரி சாப்பாடு இறங்கவில்லை. அப்பா என்ன என்று கேட்டார், பன்றி என்று சொல்லிவிட்டேன்.

அதனால் எதையும் அழித்துவிடாதே. உன் கணக்கு பத்திரமாக இருக்கிறது, ஒரு விமானம்கூடக் குறையவில்லை, பூனையும் இருக்கிறது. கோபம் வந்தால் கோபப்படு, ஆனால் என்னைக் கூப்பிட்டுக் கோபப்படு, பேசாமல் இருந்துவிடாதே. மாப்பிள்ளையிடம் எப்படிச் சொல்வது என்பது உன் பாடு, என்னை ரொம்பச் சிறுமைப்படுத்தாமல் சொல்லு. கற்பகம் மதினியிடம் நீ சொல்ல வேண்டாம், நானே புதன்கிழமை போய்ச் சொல்கிறேன், அவர் காபி கொண்டுவருவதற்கு முன்னாலேயே சொல்லிவிடுவேன். பல்லைத் தட்டினால் தட்டட்டும், உனக்கும் எனக்கும் ஒரே இடத்தில் காலியாக இருக்கும்.

மாப்பிள்ளையின் பழைய மடிக்கணினி ஒன்று அங்கே சும்மா கிடக்கிறது, அதை எனக்குத் தருவதாக மதினி சொன்னார், நான் செய்ததைக் கேட்ட பிறகும் தருவாரா என்று பார்ப்போம். தந்தால் ஞாயிற்றுக்கிழமை ஐந்து மணிக்கு அவர் வீட்டிலிருந்தே நானும் வருவேன். வலது பக்கம் உன் இடம், அதைத் தொடமாட்டேன். அவருக்கு இடது பக்கம் காலியாக இருக்கிறது. ஆனால் ஒன்று கேட்கிறேன் காவியா. வாரத்தில் வேறு ஒரு நாள், நான் ஹாரூன் கடையில் உட்கார்ந்துகொள்கிறேன், பத்து நிமிஷம் போதும், அந்தப் பழகுகிற வானத்துக்கு நீ மட்டும் வா. மதினிக்குச் சொல்ல வேண்டாம். பொறாமை ஒரு கடிதத்தில் தீர்ந்துவிடும் என்று உனக்கு நான் பொய் சொல்லப் போவதில்லை, பொய் சொன்னது போதும்.

பல் பிடுங்கிய பக்கம் கடினமானதை மெல்லாதே, வெந்நீரில் உப்புப் போட்டுக் கொப்பளி. குளிர் தொடங்குமுன் மாப்பிள்ளையைக் காது மூடும் தொப்பி வாங்கச் சொல், நீயும் வாங்கு. ரசத்துக்குப் பருப்புத் தண்ணீரைக் கடைசியில் ஊற்ற வேண்டும், நுரை கட்டியதும் இறக்கிவிட வேண்டும், கொதிக்க விட்டால் போச்சு. இரண்டு பேரும் நோய்நொடி இல்லாமல், சண்டை சச்சரவெல்லாம் அந்த விமானத்தோடு நின்று, நீண்ட நாள் நன்றாக இருக்க வேண்டும் என்று பசுவந்தனை கைலாசநாதரை வேண்டிக்கொள்கிறேன். அப்பாவும் ஆசீர்வாதம் சொல்லச் சொன்னார், எதற்கு எழுதுகிறேன் என்று அவருக்குத் தெரியாது.

இப்படிக்கு,
உன்னைப் பெற்றவள்,
பூ. வெள்ளைத்தாய்

முக்கியமானதை எழுத மறந்துவிட்டேன். பாஸ்வேர்டு. இரண்டு வாரமாக எதையெதையோ போட்டுப் பார்த்திருப்பாய், உன் பெயரைப் போட்டுப் பார்த்தாயா. மறக்காததாக ஒன்று சொல்லுங்கள் என்று ஹாரூன் கேட்டபோது, அது என் கணக்கு என்று நினைத்துச் சொன்னது. இங்கிலீஷில் உன் பெயர், முதல் எழுத்துப் பெரியது, இடைவெளி விடாமல் நீ பிறந்த நாள், மாதம், வருஷம். உள்ளே போனதும் மாற்றிவிடு. புதிதாக என்ன வைத்தாய் என்று என்னிடம் சொல்லாதே, தெரிந்தால் எனக்குக் கை சும்மா இருக்காது.